ஒரு டாலர் கை: பாப் ஃபெல்லரின் ஊர்கள் வழியே

வெள்ளி, வான் மீட்டர்

ஐயோவா மாநிலத்தின் டி மொயின் நகரிலிருந்து மேற்கே கிளம்பினால் அரை மணி நேரத்துக்குள் வான் மீட்டர் வந்துவிடுகிறது. சாலையின் இரண்டு பக்கமும் ஆள் உயரத்தைத் தாண்டி நிற்கும் மக்காச்சோளம், அப்புறம் ராக்கூன் ஆறு, ஆற்றை ஒட்டி ஆயிரத்துச் சொச்சம் பேர் வாழும் ஊர். காரை விட்டு இறங்கி நாலா பக்கமும் பார்த்த சித்தப்பா, "அமெரிக்கா காட்டுறேன்னு கூட்டிட்டு வந்து சோளக்கொல்லையைக் காட்டுறியேப்பா" என்றார்.

சித்தப்பா வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். தொழிற்சங்கத்தில் தீவிரமாக இருந்தவர். யாரைப் பற்றிப் பேச்செடுத்தாலும் அந்த ஆளுக்கு என்ன சம்பளம் என்பது தெரிந்தாக வேண்டும். கிரிக்கெட் தெரியும், பேஸ்பால் சுத்தமாகத் தெரியாது. நான் தேடி வந்திருக்கும் பாப் ஃபெல்லர் கிளீவ்லாண்ட் அணிக்காக ஆடிய பழைய பேஸ்பால் பிட்சர், அதாவது பந்து வீச்சாளர். அவர் கதையில் பாதி சம்பளக் கதை என்பதால் இப்படி ஒருவர் பக்கத்தில் இருப்பது நல்லதுதான்.

ஃபெல்லர் 1918 நவம்பர் 3 அன்று இங்கே ஒரு விவசாயக் குடும்பத்தில் பிறந்தார். அப்பா பில் ஃபெல்லர், மகனுடைய வலது கையில் என்ன இருக்கிறது என்பதைச் சின்ன வயதிலேயே கண்டுகொண்டார். குளிர்காலத்தில் கொட்டகைக்குள் விளக்கு போட்டுப் பந்து வீச வைத்தார். பையன் வளர்ந்ததும், 1932ல், தன் நிலத்தின் ஒரு பகுதியைச் சமன்படுத்தி ஓக்வியூ என்று பெயர் வைத்து மைதானமே போட்டுவிட்டார். ஸ்கோர்போர்டு, உட்கார பெஞ்சுகள் எல்லாம் உண்டு. சோளத்தைவிடக் கோதுமைக்குப் பாடு குறைவு, பையனோடு விளையாட நேரம் கிடைக்கும் என்பதற்காகப் பயிரையே மாற்றினார் என்றும் சொல்வார்கள். விளைச்சலைப் பற்றி யாரும் சொல்வதில்லை.

சித்தப்பாவுக்காக ஆட்டத்தைக் கொஞ்சம் விளக்க வேண்டியிருந்தது. பிட்சர் நிற்கும் மேட்டிலிருந்து பேட்டர் நிற்கும் தட்டுக்கு 60 அடி 6 அங்குலம். கிரிக்கெட்டில் ஸ்டம்புக்கு ஸ்டம்பு 66 அடி. பிட்சருக்கு ஓடி வரும் வசதி கிடையாது. நின்ற இடத்திலிருந்தே வீச வேண்டும். பந்து தரையில் படாமல் நேராக வரும். பேட்டர் மூன்று ஸ்ட்ரைக் (அடிக்கத் தவறிய பந்து, அல்லது அடிக்காமல் விட்ட நல்ல பந்து) வாங்கினால் அவுட், அதுதான் ஸ்ட்ரைக் அவுட். "மணிக்கு எவ்வளவு வேகம்?" என்றார். அதை சிகாகோவில் சொல்கிறேன் என்றேன்.

1935ல் கிளீவ்லாண்ட் அணியின் சை ஸ்லாப்னிக்கா இந்தப் பண்ணைக்கு வந்தார். அவரும் ஐயோவாக்காரர்தான். பதினாறு வயதுப் பையன் வீசுவதைப் பார்த்துவிட்டு அங்கேயே ஒப்பந்தம் போட்டார். கொடுத்த முன்பணம் ஒரு டாலர், கூடவே கிளீவ்லாண்ட் ஆட்டக்காரர்கள் கையெழுத்துப் போட்ட ஒரு பந்து.

"ஒரு டாலரா? அப்பன் சும்மா விட்டாரா?"

விட்டார். ஆனால் விஷயம் அத்தோடு முடியவில்லை. பெரிய லீக் அணிகள் உள்ளூர்ப் பையன்களோடு நேரடியாக ஒப்பந்தம் போடக் கூடாது, சின்ன லீக் அணிகள்தான் போடலாம் என்று அன்று ஒரு விதி இருந்தது. ஸ்லாப்னிக்கா காகிதத்தில் பையனை ஃபார்கோ-மூர்ஹெட் அணிக்கு எழுதி, அங்கிருந்து நியூ ஆர்லியன்ஸுக்கு மாற்றி, கடைசியில் கிளீவ்லாண்டுக்குக் கொண்டுவந்திருந்தார். பையன் அந்த இரண்டு அணிகளுக்கும் ஒரு பந்துகூட வீசியதில்லை. டி மொயின் அணி புகார் கொடுத்தது. பேஸ்பால் ஆணையர் லாண்டிஸ், முன்னாள் நீதிபதி, கறாரான ஆள். ஒப்பந்தம் செல்லாது என்று 1936 முடிவில் அவர் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் ஃபெல்லரை யார் வேண்டுமானாலும் ஏலம் எடுத்திருக்கலாம். அதற்குள் பையன் பெரிய லீக்கில் ஆடிக் காட்டிவிட்டதால் லட்சம் டாலர் வரை போவான் என்று பேச்சு இருந்தது. ஆனால் அப்பாவும் மகனும் கிளீவ்லாண்டே போதும் என்றார்கள். லாண்டிஸ் கிளீவ்லாண்டை 7,500 டாலர் டி மொயினுக்குக் கட்டச் சொல்லிவிட்டு ஃபெல்லரை அங்கேயே விட்டுவிட்டார்.

சித்தப்பா கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "புகார் கொடுத்தவனுக்கு ஏழாயிரத்து ஐந்நூறு, பந்து போட்டவனுக்கு ஒண்ணு" என்றார்.

1936 கோடையில் பெரிய லீக்கில் ஆடிவிட்டு, இலையுதிர் காலத்தில் ஃபெல்லர் பள்ளிக்கூடத்துக்குத் திரும்பி வந்து கடைசி வகுப்பை முடித்தார். 1937ல் வான் மீட்டர் பள்ளியின் பட்டமளிப்பை என்.பி.சி. வானொலி நாடு முழுவதும் நேரடியாக ஒலிபரப்பியது. அந்த வருஷம் டைம் பத்திரிகையின் அட்டையிலும் அவர் படம்தான்.

1995ல் இந்த ஊரில் அவருக்கு ஓர் அருங்காட்சியகம் திறந்தார்கள். கட்டடத்தை வடிவமைத்தவர் அவருடைய மகன். கடைசியாக நியூயார்க்கின் யாங்கீ ஸ்டேடியத்தில் நின்றபோது, 1948ல், நோயாளியான பழைய பேஸ்பால் நட்சத்திரம் பேப் ரூத் கைத்தடி போல ஊன்றி நின்றாரே ஒரு மட்டை, அது ஃபெல்லருடையது. இங்கேதான் ரொம்ப நாள் காட்சிக்கு இருந்தது. ஃபெல்லர் இறந்த பிறகு கூட்டம் குறைந்து, அருங்காட்சியகம் மூடப்பட்டு, இப்போது அந்தக் கட்டடம் ஊராட்சி அலுவலகம். வெளிச் சுவரில் செங்கல்லிலேயே செதுக்கிய ஃபெல்லர் மட்டும் இன்னும் இருக்கிறார். கிட்டே போய்ப் பார்த்தால் செங்கல் இணைப்புகளின் சுண்ணாம்புக் கோடுகள் உடம்பின் குறுக்கே போகின்றன. உள்ளே மக்கள் வரி கட்டும் விஷயமாக வந்து போகிறார்கள்.

ஊருக்கு இன்னொரு பெருமையும் உண்டு. 1903ல் நெற்றியில் விளக்கு எரியும் சிறகு முளைத்த ஏதோ ஒன்று இங்கே இரவில் சுற்றியதாம். மருத்துவர், வங்கிக்காரர் என்று பெரிய மனிதர்களே பார்த்ததாகச் சொன்னார்கள். அதற்கு இப்போது திருவிழாவே எடுக்கிறார்கள். ஃபெல்லரைவிட பிசாசுக்கு மவுசு அதிகம் என்று எனக்குத் தோன்றியது.

சனி, சிகாகோ போகும் வழி

ஐ-80 நெடுஞ்சாலையில் கிழக்கே போனால் வேறு எதுவும் இல்லை, சோளம்தான். உலகத்திலேயே பெரிய லாரி நிறுத்தம் என்று விளம்பரம் போட்டிருக்கும் வால்காட்டில் காபி குடித்துவிட்டு, நெடுஞ்சாலையை விட்டு டேவன்போர்ட் ஊருக்குள் இறங்கினோம். மிசிசிப்பியை ஊர்ப் பாலம் வழியாகக் கடக்க வேண்டும் என்று எனக்கு ஆசை.

காரணம் இருக்கிறது. 1941 டிசம்பர் 7, ஞாயிற்றுக்கிழமை. ஃபெல்லர் வீட்டிலிருந்து சிகாகோவுக்குக் கார் ஓட்டிக்கொண்டு போனார், அடுத்த வருஷச் சம்பளம் பேசுவதற்காக. அப்போது இந்த நெடுஞ்சாலை கிடையாது. இந்த ஊர்களின் அருகே மிசிசிப்பியைக் கடக்கும்போது கார் ரேடியோவில் பேர்ல் ஹார்பர் செய்தி வந்தது. சம்பளம் பேசப் போனவர் சிகாகோவில் கடற்படையில் சேர்ந்துவிட்டார். டிசம்பர் 9 அன்று உறுதிமொழி செய்துவைத்தவர் முன்னாள் குத்துச்சண்டைச் சாம்பியன் ஜீன் டன்னி.

அப்போது அவருக்கு வயது 23. அப்பா மூளைப் புற்றுநோயில் படுத்திருந்தார். குடும்பத்தைக் காப்பாற்றுகிறவர் என்ற முறையில் ராணுவ விலக்கு இருந்தது, போகாமலே இருந்திருக்கலாம். அப்பா 1943 ஜனவரியில் இறந்தார். மகன் அலபாமா என்ற போர்க்கப்பலில் விமான எதிர்ப்புப் பீரங்கிக் குழு ஒன்றின் தலைவராக இருந்தார்; முதலில் வட அட்லாண்டிக், அப்புறம் பசிபிக்.

பேஸ்பால் ரசிகர்கள் இந்த இடத்தில் கணக்குப் போட உட்கார்ந்துவிடுவார்கள். போருக்கு முன்னால் அவர் பெயரில் 107 வெற்றி. மூன்று முழு சீசனும் நாலாவதில் பெரும் பகுதியும் போயிற்று. திரும்பி வந்து மொத்தம் 266. இடையில் போனதைச் சேர்த்தால் 350 வந்திருக்கும் என்பார்கள். எனக்கு இந்தக் கணக்கில் நம்பிக்கை இல்லை. சின்ன வயதிலிருந்து அப்படி வீசிய தோளுக்கு அந்த இடைவெளி ஓய்வாகக்கூட இருந்திருக்கலாம். ஃபெல்லரும் இதைப் பற்றிப் புலம்பியதில்லை. போருக்குப் போனதையே வாழ்க்கையில் செய்த பெரிய காரியமாகக் கடைசி வரை சொல்லிக்கொண்டிருந்தார்.

பாலத்தின் மேல் கார் போகும்போது சித்தப்பா கேட்டார்: "கப்பல்ல என்ன சம்பளம் கொடுத்தான்?"

ஞாயிறு, சிகாகோ

காலையில் லிங்கன் பார்க். 1940 கோடையில் இந்தப் பூங்காவை ஒட்டிய சாலையில்தான் அந்த வேகப் பரிசோதனை நடந்தது. ரேடார் இல்லாத காலம். ஒரு ஹார்லி டேவிட்சன் மோட்டார் சைக்கிள் மணிக்கு 86 மைல் வேகத்தில் ஃபெல்லரைத் தாண்டிப் போகும். தாண்டும் நொடியில் அவர் பந்தை விட வேண்டும். இரண்டும் எதிரே இருக்கும் காகித இலக்குகளைக் கிழிக்க வேண்டும். ஃபெல்லர் ஆட்டச் சீருடைகூடப் போடவில்லை, சாதாரண உடுப்பில் நின்றார். வண்டி கொஞ்சம் முந்திக்கொண்டது, ஆனாலும் பந்துதான் முதலில் போய்ச் சேர்ந்தது. அந்தச் சின்னப் படத்துண்டை இணையத்தில் பார்க்கலாம். 1946ல் வாஷிங்டனில் ராணுவக் கருவி வைத்து அளந்தபோது 98.6 மைல் வந்தது, கிட்டத்தட்ட 159 கிலோமீட்டர். "நம்ம அக்தர்" என்றார் சித்தப்பா. சரி, அவ்வளவு புரிந்தால் போதும்.

அப்புறம் தெற்கே, 35வது தெரு. வொயிட் சாக்ஸ் அணியின் பழைய கொமிஸ்கி பார்க்கை 1991ல் இடித்துவிட்டார்கள். எதிரே புது ஸ்டேடியம்; பழையது இருந்த இடம் கார் நிறுத்தம். அன்று ஆட்டம் இல்லை, ஈ காக்கை இல்லை. தார்த் தரையில் பழைய ஹோம் பிளேட் இருந்த அதே இடத்தில் ஒரு பளிங்குப் பலகை பதித்திருக்கிறார்கள். இரண்டு பக்கமும் பேட்டர் நிற்கும் கட்டம் வெள்ளைக் கோட்டில். கார் டயர்கள் ஏறி இறங்கி ஒரு முனையில் கோடு தேய்ந்திருக்கிறது. நான் கட்டத்தில் நின்றேன். சித்தப்பாவைப் பிட்சர் நிற்கும் தூரம் வரை நடந்து போய்த் திரும்பச் சொன்னேன். அந்தத் தூரத்திலிருந்து பார்த்தால் அவருடைய சட்டைப் பையில் இருந்த பேனா தெரிகிறது. அவ்வளவு பக்கம்.

இதே இடத்தில் ஃபெல்லருக்கு இரண்டு விஷயம் நடந்தது. 1939 அன்னையர் தினம், மே 14. ஐயோவாவிலிருந்து அம்மா ஆட்டம் பார்க்க வந்திருந்தார். ஃபெல்லர் வீசிய பந்தை மார்வ் ஓவன் என்ற பேட்டர் தட்டிவிட, அது ஃபவுலாக, அதாவது கோட்டுக்கு வெளியே, பறந்து பார்வையாளர் வரிசையில் இருந்த ஃபெல்லரின் அம்மா முகத்தில்தான் போய் மோதியது. கண்ணாடி உடைந்து, புருவத்துக்கு மேல் தையல். மருத்துவமனைக்கு அனுப்பிவிட்டுத் திரும்பி வந்து ஆட்டத்தை ஆடி ஜெயித்தார். கூட்டத்தில் அத்தனை ஆயிரம் பேர் இருக்க அம்மா மேல்தான் விழ வேண்டுமா? கதையில் எழுதினால் நம்ப மாட்டார்கள்.

மறு வருஷம் ஏப்ரல் 16, சீசனின் முதல் நாள், நல்ல குளிர். எதிரணியில் ஒருவர்கூட ஒரு ஹிட் (பந்தை அடித்துவிட்டு ஓடி, பேஸ் என்ற நிலையைப் பத்திரமாக அடைவது) அடிக்காமல் ஆட்டம் முழுவதையும் ஒரே பிட்சர் முடித்தால் அது நோ-ஹிட்டர். பல நல்ல பிட்சர்களுக்கு வாழ்நாளில் ஒன்றுகூட வாய்க்காது. ஃபெல்லருக்கு மூன்று, முதலாவது இங்கே, 1-0. கடைசி ஆள் டாஃப்ட் ரைட் அடித்த பந்தை இரண்டாம் பேஸில் ரே மாக் பாய்ந்து பிடித்து எறிந்து அவுட் ஆக்கினார். சீசனின் முதல் நாளில் இப்படி ஒரு முழு ஆட்டத்தை முடித்து ஜெயித்தவர் வேறு யாரும் இல்லை. வொயிட் சாக்ஸ் பேட்டர்கள் எல்லாரும் அன்று ஆட்டத்துக்கு முன்னால் சராசரி பூஜ்யம், ஆட்டத்துக்குப் பின்னாலும் பூஜ்யம். பேஸ்பால்காரர்கள் இந்த ஜோக்கை இன்னும் விடவில்லை.

திங்கள், கிளீவ்லாண்ட்

லீக் பார்க் கிழக்கு 66வது தெருவில் இருக்கிறது. சுற்றி ஒரு காலத்தில் செழிப்பாக இருந்து நொடித்துப்போன குடியிருப்புப் பகுதி. 1891ல் ஆரம்பித்த மைதானம். பழைய டிக்கெட் அறையும் செங்கல் சுவரின் ஒரு பகுதியும் நிற்கின்றன, தரை மட்டும் இப்போது செயற்கைப் புல். பள்ளிப் பையன்கள் பயிற்சி செய்துகொண்டிருந்தார்கள். 1936 ஆகஸ்ட் 23 அன்று, பதினேழு வயதில், ஃபெல்லர் முதல் முறையாக ஆட்டத்தைத் தொடங்கிவைத்த மேடு இங்கேதான் இருந்தது. அன்று செயின்ட் லூயிஸ் பிரவுன்ஸ் அணியின் 15 பேரை ஸ்ட்ரைக் அவுட் செய்தார். செப்டம்பர் 13 அன்று பிலடெல்பியாவுக்கு எதிராக 17. வயசுக்கு ஒன்று.

பெரிய ஆட்டங்கள் நடந்தது ஏரிக்கரை ஸ்டேடியத்தில். அது இப்போது இல்லை. அந்த இடத்தில் கால்பந்து அணியின் ஸ்டேடியம் இருக்கிறது. அங்கே 1938 அக்டோபர் 2 அன்று டெட்ராய்ட்டின் 18 பேரை ஸ்ட்ரைக் அவுட் செய்து, அன்றைய சாதனையும் படைத்து, ஆட்டத்தில் தோற்றார். ஃபெல்லரிடம் இது அடிக்கடி நடக்கும்: சாதனை அவருக்கு, முடிவு வேறு யாருக்கோ.

போரிலிருந்து திரும்பி 1945 ஆகஸ்ட் 24 அன்று இதே ஸ்டேடியத்தில் டெட்ராய்ட்டை ஜெயித்தார். 1946ல் 26 வெற்றி, 348 ஸ்ட்ரைக் அவுட், 36 ஆட்டத்தைத் தனியாளாக முடித்தார். யாங்கீ ஸ்டேடியத்தில் இரண்டாவது நோ-ஹிட்டர். ஒன்பது சுற்று ஆட்டத்தில் இன்றைய பிட்சர்களை ஆறாவது சுற்றிலேயே உட்கார வைத்துவிடுகிறார்கள். 36 என்ற எண்ணைப் பார்த்தால் அவர்களுடைய பயிற்சியாளர்களுக்கு மயக்கம் வரும்.

அந்த வருஷ அக்டோபரில்தான் அவருக்குள் இருந்த வியாபாரி முழுசாக வெளியே வந்தார். இரண்டு விமானம் வாடகைக்கு எடுத்தார். ஒன்றில் தான் திரட்டிய வெள்ளை ஆட்டக்காரர்கள், இன்னொன்றில் சாட்செல் பெய்ஜ் என்ற பிட்சர் தலைமையில் கறுப்பு ஆட்டக்காரர்கள். ஒரு மாதத்துக்குள் ஊர் ஊராக முப்பதுக்கும் மேற்பட்ட ஆட்டங்கள். பெரிய லீக் கறுப்பர்களுக்கு இன்னும் திறக்கவில்லை. அந்தக் கதவை உடைத்த கறுப்பு ஆட்டக்காரர் ஜாக்கி ராபின்சன் வந்தது அடுத்த வருஷம். ஃபெல்லர் அணியில் ஆடிய ஸ்டான் மியூசியல், அந்த வருஷ உலகத் தொடரை (சாம்பியன் யார் என்று முடிவு செய்யும் கடைசித் தொடர்) ஜெயித்ததில் வந்த பங்கைவிட இந்தச் சுற்றில் அதிகம் சம்பாதித்தார். ஃபெல்லர் தன் பெயரிலேயே கம்பெனி ஆரம்பித்து, ஸ்டேடியத்துக்கு வரும் கூட்டத்தைப் பொறுத்து ஊக்கத்தொகை வேண்டும் என்று ஒப்பந்தத்தில் எழுதி வாங்கினார். ஒரு டாலர் பையன் கணக்குக் கற்றுக்கொண்டுவிட்டான்.

ஆனால் இதே ஃபெல்லர்தான், ராபின்சனுக்குக் கால்பந்துக்காரரின் தோள், உட்பக்கம் வரும் பந்தை அடிக்க முடியாது, வெள்ளையராக இருந்திருந்தால் யாரும் கவனித்திருக்க மாட்டார்கள் என்று பேசினார். கறுப்பு ஆட்டக்காரர்களோடு ஆடி, அவர்களும் சம்பாதிக்க வழி செய்தவர் வாயிலிருந்து வந்த பேச்சு. அவருடைய ரசிகர்கள் இதை மென்று விழுங்கிவிடுவார்கள். நான் விழுங்கத் தயாரில்லை. ராபின்சன் அடித்துக் காட்டினார். 1962ல் இரண்டு பேரும் ஒரே நாளில் ஹால் ஆஃப் ஃபேமில், அதாவது பேஸ்பாலின் புகழ் மண்டபத்தில், சேர்க்கப்பட்டார்கள்.

1948 உலகத் தொடர்தான் ஃபெல்லருக்குப் பெரிய ஏமாற்றம். பாஸ்டனில் முதல் ஆட்டம். இரண்டே ஹிட் கொடுத்தார். எட்டாவது சுற்றில், இரண்டாம் பேஸில் நின்ற பாஸ்டனின் ஃபில் மாசியைப் பிடிக்கத் திரும்பி எறிந்தார். கிளீவ்லாண்டின் லூ பூட்ரோ பந்தை வாங்கி அவரைத் தொட்டார். நடுவர் பில் ஸ்டூவர்ட் நாட் அவுட் என்றார். அடுத்து டாமி ஹோம்ஸ் அடித்தார், மாசி ஓடி வந்தார், 1-0. படங்களைப் பார்த்த பலரும் அவுட் என்றுதான் சொல்கிறார்கள். ஐந்தாவது ஆட்டம் கிளீவ்லாண்டில், அன்றைய சாதனைக் கூட்டமாக 86,288 பேர். அங்கேயும் ஃபெல்லர் தோற்றார். அதே ஆட்டத்தில், அந்த வருஷம் கிளீவ்லாண்டில் சேர்ந்திருந்த சாட்செல் பெய்ஜ் சிறிது நேரம் வீசினார், உலகத் தொடரில் வீசிய முதல் கறுப்பு பிட்சர் என்ற பெயரோடு. மறுநாள் பாஸ்டனில் கிளீவ்லாண்ட் கோப்பையை வாங்கியது. அதற்கப்புறம் இன்று வரை அந்த அணிக்கு உலகத் தொடர்க் கோப்பை இல்லை. ஃபெல்லருக்கு உலகத் தொடரில் ஒரு வெற்றிகூட இல்லை. 1954ல் இன்னொரு தொடர் வந்தபோது அவரை இறக்கவே இல்லை, அந்த சீசனில் 13 வெற்றி, 3 தோல்வி என்றிருந்தும்.

செவ்வாய், கிளீவ்லாண்ட்

அணியின் பெயர் இப்போது கார்டியன்ஸ். ஸ்டேடியத்துக்கு வெளியே ஃபெல்லர் சிலை, 1994லிருந்து நிற்கிறது. காலணியின் கயிறு வரை வார்த்திருக்கிறார்கள். பந்தைப் பிடித்திருக்கும் விரல்களைத்தான் நான் அதிக நேரம் பார்த்தேன்.

வேகம் போன பிறகு அவர் எப்படித் தாக்குப்பிடித்தார் என்பதுதான் எனக்கு இந்தக் கதையில் பிடித்த பகுதி. 1947ல் காலும் தோளும் அடிபட்டு, பந்து பழையபடி பறக்கவில்லை. ஸ்லைடர், வளைவுப் பந்து என்று தந்திரத்துக்கு மாறினார். 1949ல் 15 வெற்றி, 14 தோல்வி. அந்தக் குளிர்காலத்தில் சம்பளத்தில் 20,000 டாலர் குறைத்துக்கொள்ளுங்கள் என்று தானே சொன்னார். இதைக் கேட்டதும் சித்தப்பா சிலையைப் பார்த்து, "யோவ், உன்னை யாருய்யா கேட்டா?" என்றார். பக்கத்தில் படம் எடுத்துக்கொண்டிருந்த குடும்பம் திரும்பிப் பார்த்தது. 1951ல் ஃபெல்லர் 22 ஆட்டம் ஜெயித்தார், மூன்றாவது நோ-ஹிட்டரும் போட்டார். குறைத்துக்கொண்டதை அவர் திரும்பக் கேட்டிருப்பார் என்று வைத்துக்கொள்வோம்.

சித்தப்பாவுக்கு மனது ஆறிய இடம் 1956. ஃபெல்லர் ஆடிய கடைசி வருஷம், ஒரு வெற்றிகூட இல்லை. அந்த வருஷம்தான் ஆட்டக்காரர்கள் சங்கத்துக்குத் தலைவரானார். ஒரு முறை கையெழுத்துப் போட்டால் அணி விடும் வரை அந்த ஆட்டக்காரர் அதற்கே சொந்தம் என்ற விதி அப்போதும் இருந்தது. ஃபெல்லர் காலத்துச் சங்கம் ஓய்வூதியத்தைப் பற்றித்தான் பெரும்பாலும் பேசியது. அந்த விதி உடைந்தது 1975 டிசம்பரில், மெஸ்ஸர்ஸ்மித், மக்நாலி என்ற இரண்டு பேர் வழக்கில். இரண்டு பேரும் பிட்சர்கள். "பந்து போடுறவனுக்குத்தான் வலி தெரியும்" என்று தீர்ப்புச் சொல்லிவிட்டு சித்தப்பா காபிக்கடையைத் தேடிப் போனார்.

ஓய்வுக்குப் பிறகு ஃபெல்லர் ஊர் ஊராகப் போய் சின்ன லீக் மைதானங்களில் பந்து வீசிக் காட்டி, கையெழுத்துப் போட்டு சம்பாதித்தார். அவர் கையெழுத்து இல்லாத பந்துதான் கிடைப்பது அரிது என்று கேலி செய்வார்கள். 2009 ஜூனில், தொண்ணூறு வயதில், ஹால் ஆஃப் ஃபேம் இருக்கும் கூப்பர்ஸ்டவுனில் நடந்த காட்சி ஆட்டத்திலும் மேட்டில் ஏறி வீசினார். 2010 டிசம்பர் 15 அன்று இந்த ஊரில் இறந்தார்.

நாளை நயாகரா, சித்தப்பாவுக்காக. அலபாமா கப்பல் மொபீல் துறைமுகத்தில் நிற்கிறது, ஏறிப் பார்க்கலாம். டிசம்பரில் அங்கே போவதாக இருக்கிறேன். சாட்செல் பெய்ஜ் பிறந்ததும் மொபீலில்தான், அதனால் அந்தப் பதிவில் அவரைப் பற்றியும் எழுத வேண்டும்.